பெற்ற தாயும் பிரிந்த மகவும்

(சங்கக் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



குந்திதேவியின் கதையை அறியாதார் நம்முள் இல்லை. கன்னிப் பருவத்தில் ஈன்ற மகனை அவள் பேழையில் வைத்து ஆற்றில் விட்டாள். அன்பில்லாமையால் விட்டாளில்லை, பழிக்கு அஞ்சி விட்டாள். தேரோட்டியின் மனைவி இராதை அப்பிள்ளையை எடுத்து வளர்த்தாள். வில்லிபுத்தூரார் பாரதத்தில் ஒரு செய்தி வருகின்றது. குந்தி வந்து, 'நானே உன் தாய்' என்றபோது கர்ணன் உடனே நம்பவில்லை. முன்னரும் சில பெண்கள் அவ்வாறே பொய்யுரைத்து வந்திருந்தனர். பொய்யரை எரிக்கும் தெய்வ ஆடையொன்று அவனிடம் இருந்தது. குந்தி அதனை உடுத்து நின்ற பின்னரே தாயென்பது உறுதியாயிற்று.

இது பழங்கதை மட்டுமன்று. நம் நாட்டிலே நம் காலத்திலே நடந்துவருவதும் இதுவே.

இலங்கையில் பிள்ளைகளை மகவேற்றல் பற்றிய கட்டளைச் சட்டம் 1941ஆம் ஆண்டு பிறந்தது. 1970களிலும் 1980களிலும் ஐரோப்பிய நாட்டவர் இங்கு வந்து குழந்தைகளைச் சுவீகாரம் எடுத்துச் சென்றனர். ஏறத்தாழ 11,000 குழந்தைகள் அவ்வாறு போயினர் என்றும், அவர்களுள் 4,000 பேர் வரை ஒல்லாந்துக்குச் சென்றனர் என்றும் கணக்கிடப்பட்டுள்ளது. சுவிற்சர்லாந்துக்கு 1973 முதல் 1997 வரை 881 குழந்தைகள் சென்றனர். வறுமையால் பிள்ளையைக் கொடுத்த தாய்மாருள் தேயிலைத் தோட்டத்துப் பெண்களும் இருந்தனர்.

2017ஆம் ஆண்டு ஒல்லாந்துத் தொலைக்காட்சியொன்று இதன் இருண்ட பக்கத்தை வெளிப்படுத்தியது. தரகர்கள் பணத்துக்காகக் குழந்தைகளைத் திரட்டினர். பெற்றவளுக்குப் பதிலாக வேறொருத்தியைத் தாயென்று நடிக்க வைத்தனர். பிள்ளை இறந்துவிட்டதென்று தாயிடம் சொன்னதாகவும் முறைப்பாடுகள் எழுந்தன. அவ்வாண்டிலேயே நம் நாட்டுச் சுகாதார அமைச்சர் இம்முறைகேட்டை ஒப்புக்கொண்டார். சுவிற்சர்லாந்து அரசு 2020 டிசம்பரில் வருத்தம் தெரிவித்தது. ஒல்லாந்து அரசு 2021 பெப்ரவரியில் மன்னிப்புக் கேட்டது. நம் நாடு 1992ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தால் விதிகளை இறுக்கியது. 1995இல் ஹேக் உடன்படிக்கையை ஏற்றது. ஆயினும் அதற்கு முன் போன பிள்ளைகள் போனவர்களே.

அன்பர்களே, அப்பிள்ளைகள் இன்று நடுவயதினர். கையில் ஒரு பழைய பிறப்புச் சான்றிதழோடும் நீதிமன்றக் கட்டளையோடும் தாயைத் தேடி இத்தீவுக்கு வருகின்றனர். கண்டிக்கும் நாவலப்பிட்டிக்கும் ஹற்றனுக்கும் நுவரெலியாவுக்கும் போகும் பாதைகளில் அவர்களை நீங்களும் காணக்கூடும். அவர்கள் கையிலுள்ள தாயின் பெயர் உண்மையாயிருந்தால் நல்லது. தரகன் கொடுத்த பெயராயிருந்தால், தேடித் தேடி வேறொருத்தியின் வாசலில் நிற்பார்கள்.

உண்மைப் பெயராயினும் தடை தீர்ந்துவிடவில்லை. தமிழ்ப் பெயரை வேறு மொழியில் எழுதும்போது எழுத்து மாறும். ஒரு தோட்டத்தில் ஒரே பெயரில் நாலு பேர் இருப்பார்கள். மலையக மக்களுக்கோ இன்னுமொரு தடையுண்டு. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் குடியுரிமையற்றவராகி, 1964ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின் பின் குடும்பம் குடும்பமாகத் தமிழகம் போனோர் பலர். மகள் நுவரெலியாவில் தேட, தாய் நீலகிரித் தோட்டத்தில் கொழுந்து கிள்ளிக்கொண்டிருக்கவும் கூடும்.

தாயின் நிலை இதைவிடக் கடினம். அவளிடம் கடதாசி இல்லை, பிள்ளையின் புதுப்பெயர் தெரியாது, நாடும் தெரியாது. ஆகவே அவள் தேட நினைத்தாலும் தொடங்க இடமில்லை. இங்குதான் மரபணுப் பரிசோதனை துணைக்கு வருகின்றது. தாயின் மரபணுவில் சரிபாதி பிள்ளைக்கு வருகின்றது. தாய்வழியாக மட்டுமே வரும் கூறொன்றும் உண்டு. சிறிது உமிழ்நீர் கொடுத்தாற் போதும். கர்ணனின் ஆடை செய்த வேலையை இன்று விஞ்ஞானம் செய்கின்றது. அது யாரையும் எரிப்பதில்லை. ஆனால் பொய்யைக் காட்டிவிடும். பரிசோதனைக்கு முன்னே கட்டியணைத்து அழுது, பின்னர் உறவில்லையென்று அறிந்தால், இரண்டாம் முறை பிரிந்த துயரமாகிவிடும்.

இளைஞர்களே, உங்களுக்குச் சில வார்த்தைகள். தேடி வரும் ஒருவர் உதவி கேட்டால், மொழிபெயர்த்துக் கொடுங்கள். பழைய ஆட்களிடம் விசாரியுங்கள். ஆனால் லயத்து வாசலில் நின்று சத்தமிட்டு விசாரிக்காதீர்கள். அத்தாய் பின்னர் மணமுடித்து, கணவனுக்கும் பிள்ளைகளுக்கும் சொல்லாமலே நாற்பது ஆண்டுகள் வாழ்ந்திருக்கலாம். அவளிடம் முதலில் ஒரு பெரியம்மாவோ அக்காவோ தனியே பேசட்டும். 'இல்லை, நான் வரமாட்டேன்' என்று அவள் சொன்னால், அதுவும் அவளுடைய உரிமை. தரகு வாங்கிக்கொண்டு தாயைக் காட்டித் தருவோரையும் கிட்ட அண்டவிடாதீர்கள்.

பணத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். குந்தி மகனைக் கண்ட அன்றே வரம் கேட்டாள். அக்கதையில் நம் நெஞ்சை உறுத்துவது அதுதான். வந்த பிள்ளை செல்வந்தரென்று எண்ணி, உறவினர் கூடி வீடு கேட்பதும் வேலை கேட்பதும் வேண்டாம். முதற் சந்திப்பு முகம் பார்ப்பதற்கே இருக்கட்டும்.

பெரியோர்களே, உங்களிடம் ஒரு விண்ணப்பம். 'பெற்ற பிள்ளையைக் கொடுத்தவள்' என்று ஊர் சொல்லும் சொல்லே அத்தாய்மாரின் வாயைக் கட்டிவைத்திருக்கின்றது. கண்ணனுக்குத் தேவகியும் தாய், யசோதையும் தாய் என்று நாம் கோயிலில் பாடுகின்றோம். ஒருத்தியைப் போற்ற மற்றவளைத் தூற்றவில்லை. அந்த நீதியை வீட்டுத் திண்ணைக்கும் கொண்டுவாருங்கள். அத்தாய்மார் பலருக்கு இன்று அறுபதும் எழுபதும் வயது. தள்ளிப்போட நாளில்லை. குந்தி தன் மகனென்று ஊரறியச் சொன்னது அவன் போர்க்களத்தில் வீழ்ந்த பின்னரே. நம் தாய்மார் உயிரோடிருக்கும்போதே சொல்ல இடங்கொடுப்போமாக.