கடற்றேங்காயின் வரலாறு

காசியிலும் அரித்துவாரத்திலும் துறவிகள் சிலர் ஏந்தி வரும் கருநிறத் திருவோட்டை நம்மில் பலர் கண்டிருப்போம். தோணி போன்ற வடிவும், கல்லைப் போன்ற உறுதியும் உடையது அது. தேங்காய் ஓடு போலத் தோன்றினும், நாம் அறிந்த எந்தத் தென்னையிலும் காய்த்ததன்று. வடநாட்டார் அதனைத் தரியாயி நாரியல் என்பர்; தமிழில் அதற்குக் கடற்றேங்காய் என்று பெயர். இரு காய்களை ஒட்டவைத்தாற்போல் இருப்பதால் இரட்டைத் தேங்காய் என்பாரும் உண்டு.

இக்காயை உலகம் அறிந்திருந்தது, மரத்தை அறியவில்லை. பல நூற்றாண்டுகளாக இது மாலத்தீவுக் கரைகளில் ஒதுங்கிற்று. அவ்வாறு ஒதுங்கியது அரசருக்கே உரியது என்பது அந்நாட்டு வழக்கம். கடலடியில் வளரும் மரத்தின் கனி என்றும், நஞ்சை முறிக்கும் மருந்து என்றும் மக்கள் நம்பினர். கோவாவில் வாழ்ந்த போர்த்துகீசிய மருத்துவர் கார்சியா தெ ஓர்த்தா 1563ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில் இதனைப் பற்றி எழுதியுள்ளார். ஐரோப்பிய அரசர்கள் இதன் ஓட்டுக்கு வெள்ளியும் பொன்னும் பூட்டிக் கருவூலத்தில் வைத்தனர்.

மர்மம் 1768ஆம் ஆண்டில் விலகியது. சீஷெல்ஸ் தீவுக் கூட்டத்தை ஆராயச் சென்ற பிரெஞ்சுக் குழுவினருள் ஒருவரான பாரே என்பார், பிராஸ்லின் தீவின் காட்டில் இம்மரங்களைக் கண்டார். மறு ஆண்டே காய்கள் கப்பலேறி இந்தியாவுக்கு விற்பனைக்கு வந்தன. கிடைத்தற்கரியதாய் இருந்த பொருள் குவிந்தவுடன் விலை சரிந்தது. ஆயினும் தாவர நூலார் இட்ட பெயரில் மாலத்தீவின் பெயரே இன்றளவும் நிலைத்துவிட்டது. அங்கு இம்மரம் இயற்கையில் ஒருபோதும் வளர்ந்ததில்லை.

ஏன் வளரவில்லை? உயிருள்ள காய் மிகுந்த கனமுடையது. நீரில் இட்டால் மூழ்கிவிடும். உள்ளீடு அழுகி வெறும் ஓடான பின்னரே மிதக்கும். எனவே, கடல் கடந்து சென்ற காய்கள் யாவும் முளைக்கும் ஆற்றலை இழந்தவையே. தென்னை அலைகளின் மேல் ஏறிப் பல கரைகளில் குடியேறிற்று. கடற்றேங்காய் மரமோ பிராஸ்லின், கியூரியூஸ் என்னும் இரு தீவுகளுக்குள்ளேயே நின்றுவிட்டது.

தாவர உலகின் மிகப்பெரிய விதை இதனுடையது. 18 கிலோ எடையுள்ள விதைகளும் உண்டு. ஆண் மரமும் பெண் மரமும் வெவ்வேறு. பனையிலும் அவ்வாறே அன்றோ? காய் முற்றுவதற்கு ஆறு, ஏழு ஆண்டுகள் ஆகும். மண்ணில் விழுந்த விதை உடனே தலைதூக்குவதில்லை. கயிறு போன்ற தண்டு ஒன்றை நிலத்துக்குள் சில கெஜ தூரம் செலுத்தி, அதன் முனையிலேயே கன்றைத் தோற்றுவிக்கும். அகன்ற ஓலைகள் புனல்போல் அமைந்து, மழைநீரையும் அதனோடு வரும் சருகு, மகரந்தம் முதலிய எருவையும் அடிமரத்தில் சேர்க்கின்றன. சத்துக் குறைந்த மண்ணில் இத்துணைப் பெரிய விதை விளைவதன் இரகசியம் இதுவே.

நம் நாட்டில் ஹௌரா தாவரவியல் தோட்டத்தில் 1894ஆம் ஆண்டில் ஒரு கடற்றேங்காய் ஊன்றப்பட்டது. முளைத்தது பெண் மரம். ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு சென்ற பின்னரே அது பூத்தது. பூத்தும் பயனில்லை; அருகே ஆண் மரம் கிடையாது. அயல்நாட்டிலிருந்து மகரந்தம் தருவித்து, அறிஞர்கள் தம் கையாலேயே பூவில் சேர்க்கவேண்டியதாயிற்று. தாயகத்துக்கு அப்பால் ஒரு மரத்தைத் தழைக்கச் செய்வதற்கு எத்துணைக் காலமும் பொறுமையும் தேவை என்பதை இதனால் உணரலாம்.

பிராஸ்லின் தீவிலுள்ள வாலே தெ மே என்னும் பள்ளத்தாக்கை யுனெஸ்கோ நிறுவனம் 1983ஆம் ஆண்டில் உலகப் பாரம்பரியக் களமாக ஏற்றது. அதன் பரப்பு 20 ஹெக்டேருக்கும் சற்றுக் குறைவே. அதற்கு முன்பே, 1978ஆம் ஆண்டில், கடற்றேங்காய் விற்பனையைக் கட்டுப்படுத்த அந்நாட்டில் தனிச் சட்டம் பிறந்தது. ஆயினும் அச்சம் நீங்கவில்லை. உள்ளீட்டுக்குக் கீழை நாடுகளில் நல்ல விலை உண்டு; ஓட்டை உல்லாசப் பயணிகள் நினைவுப் பொருளாக விரும்புகின்றனர். எனவே திருட்டு நிகழ்கிறது. காட்டுத்தீயும் பல மரங்களை அழித்திருக்கிறது.

இங்கு நாம் கருதவேண்டுவது ஒன்றுண்டு. பெரிய மரங்கள் நிமிர்ந்து நிற்பதைக் கண்டு, காடு நலமாயிருக்கிறது என்று எண்ணிவிடலாகாது. காய்களை எல்லாம் எடுத்துச் சென்றால் முதிய மரங்கள் மட்டுமே எஞ்சும். அவற்றின்பின் வர இளங்கன்று இராது. அக்குறை கண்ணுக்குத் தெரியப் பல்லாண்டுகள் ஆகும். தெரிந்த பின் திருத்த முயல்வோருக்கு அதனினும் நெடுங்காலம் தேவைப்படும். உதிர்ந்த காய்களில் ஒரு பகுதியை உதிர்ந்த இடத்திலேயே விட்டுவைப்பதும், குறைந்த இடங்களில் விதை ஊன்றுவதும் அங்குள்ளோர் மேற்கொண்டுள்ள பணிகள். நட்டவர் அதன் காயைக் காண நெடுங்காலம் காத்திருக்கவேண்டும். எனினும் நடுகின்றனர்.