யானை போன பிறகும் போகாத பயம்

(வானொலி மறையுரையின் எழுத்து வடிவம்)



2023 மே 27ஆம் நாள் அரிக்கொம்பன் என்ற காட்டு யானை கம்பம் நகரத் தெருக்களில் புகுந்து ஓடியதை நம்மில் யாரும் மறந்திருக்க மாட்டோம். ஊரில் 144 தடை உத்தரவு போட்டார்கள். காயம்பட்ட ஒருவர் சில நாள்களில் இறந்துபோனார். பிறகு யானை நம் சுருளிப்பட்டிப் பக்கம் வந்தது. திராட்சைத் தோட்டத்துக்குப் போகவே மக்கள் அஞ்சினார்கள். ஜூன் 5ஆம் நாள் அதைப் பிடித்து, களக்காடு முண்டந்துறைக் காட்டில் கொண்டுபோய் விட்டார்கள். யானை போய்விட்டது. எல்லாருடைய மனத்தை விட்டும் போய்விட்டதா?

சில மாதங்கள் கழித்து ஒரு தாய் தன் கணவரைக் கூட்டிக்கொண்டு என்னிடம் வந்தார். "சாமி, இவரு ராத்திரி தூங்குறதே இல்ல. தோட்டக் காவலுக்குப் போன மனுசன், இப்ப அந்தப் பக்கமே போகமாட்டேங்குறாரு. லாரி ஹாரன் அடிச்சாக்கூட திடுக்குன்னு எந்திரிச்சு உட்கார்றாரு. தூக்கம் வரணும்னு குடிக்கவும் ஆரம்பிச்சிட்டாரு. காத்துக் கருப்பு ஏதும் பட்டிருக்குமோ?" என்று அழுதார். நான் அவர் தலையில் கைவைத்துச் செபித்தேன். "விசுவாசத்தோடு இருங்கள், சரியாகிவிடும்" என்று சொல்லி அனுப்பினேன். செபித்தது சரி. அதோடு அனுப்பிவிட்டது என் தவறு.

அவருக்குப் பிடித்தது பேயும் அல்ல, அவருக்கு இருந்தது விசுவாசக் குறைவும் அல்ல. உயிருக்கு ஆபத்து வரும்போது ஓடு, ஒளி என்று எச்சரிக்க மூளையில் ஒரு காவல் மணியை இறைவன் வைத்திருக்கிறார். ஆபத்து நீங்கியதும் அது ஓய வேண்டும். சிலருக்கு ஓயாமல் அடித்துக்கொண்டே இருக்கிறது. நடந்தது மறுபடி கண்முன் வரும். கெட்ட கனவு வரும். அந்த இடத்தையும் அந்தப் பேச்சையும் தவிர்ப்பார்கள். சின்னச் சத்தத்துக்கும் துள்ளுவார்கள், எரிந்து விழுவார்கள். பாசம் மரத்துப்போனதுபோல் இருப்பார்கள். நடந்த மூன்றாம் நாளிலிருந்து ஒரு மாதம் வரை இப்படிப் பல குறிகள் சேர்ந்து ஒருவரை முடக்கினால், மருத்துவர்கள் அதைக் கடும் மன உளைச்சல் கோளாறு என்கிறார்கள். ஒரு மாதத்தைத் தாண்டியும் நீடித்தால், அது பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மன உளைச்சல் கோளாறு. பெரும்பாலோர் உற்றார் உறவினர் துணையோடு தாமாகவே தேறிவிடுவார்கள். தேறாதவர்களுக்குச் சிகிச்சை இருக்கிறது.

2018 மார்ச் 11ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை, போடிக்கு மேலே குரங்கணி மலையில் காட்டுத் தீ. மலையேற வந்தவர்களில் இருபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். முதலில் ஓடிப்போய், வெந்த உடல்களைத் துணியில் கட்டித் தூக்கி வந்தவர்கள் அந்த மலைமக்கள். தீக்காயம் பட்டவர்களுக்கு மருந்து போட்டோம். தூக்கி வந்தவர்களின் கண்ணில் பட்ட காயத்துக்கு யார் மருந்து போட்டது? நேரில் அடிபட்டவருக்கு மட்டுமல்ல, பார்த்தவருக்கும் மீட்டவருக்கும் இந்நோய் வரலாம்.

அரசர்கள் முதல் நூல் 19ஆம் அதிகாரத்தை எடுத்துப் பாருங்கள். உயிருக்கு அஞ்சி ஓடிய இறைவாக்கினர் எலியா, பாலைநிலத்தில் ஒரு சூரைச் செடியின் கீழ் விழுந்து, சாவைக் கேட்கிறார். கடவுள் அவரைக் கண்டித்தாரா? புத்திமதி சொன்னாரா? இல்லை. தூங்க விட்டார். வானதூதரை அனுப்பி, தொட்டு எழுப்பி, அப்பமும் தண்ணீரும் கொடுத்தார். மறுபடி தூங்க விட்டார். இரண்டாம் முறையும் உணவு. அதன் பிறகுதான் பயணம், அதன் பிறகுதான் பேச்சு.

நாமும் அப்படியே செய்வோம். முதலில் பாதுகாப்பு, சோறு, உறக்கம். பிறகு பக்கத்தில் உட்கார்ந்திருங்கள். "என்ன நடந்தது, சொல்லு" என்று துருவாதீர்கள். அவராகச் சொன்னால் காதுகொடுத்துக் கேளுங்கள். "ஆம்பளைக்கு என்ன பயம்?" என்ற சொல் நம் வாயிலிருந்து வரவேண்டாம். ஒரு மாதமாகியும் தூக்கமில்லை, வேலைக்குப் போக முடியவில்லை என்றால் மனநல மருத்துவரிடம் கூட்டிப் போங்கள். சாவைப் பற்றிப் பேசினால் ஒரு நாளும் காத்திருக்க வேண்டாம். தனியே விடவும் வேண்டாம். 14416 என்ற டெலி மானஸ் எண்ணை இரவிலும் அழைக்கலாம், கட்டணம் இல்லை, தமிழில் பேசலாம். முறையான பேச்சுச் சிகிச்சையும், தேவையானால் மருந்தும் நல்ல பலன் தருகின்றன. சர்க்கரைக்கு மாத்திரை போடுவது விசுவாசக் குறைவு இல்லையென்றால், இதுவும் இல்லை.

அந்தக் குடும்பத்தைப் பிறகு நானே தேடிப் போனேன். மருத்துவரிடமும் கூடவே போனேன். இப்போது அவர் மகனோடு பகலில் தோட்டத்துக்குப் போகிறார். இரவுக் காவலுக்கு இன்னும் போகவில்லை. பரவாயில்லை.

உயிர்த்த ஆண்டவர் தோமாவுக்குத் தம் காயங்களைக் காட்டினார், மறைக்கவில்லை. உயிர்ப்புக்குப் பின்னும் அந்தத் தழும்புகள் இருந்தன. நம் வீட்டிலும் பக்கத்து வீட்டிலும் காயத்தை மறைத்துக்கொண்டு யாராவது இருக்கலாம். இந்த வாரம் ஒருமுறை அவர்கள் வீட்டுக்குப் போய் வாருங்கள். கையில் கொஞ்சம் சாப்பாடு கொண்டுபோங்கள். எலியாவைத் தேற்றிய இறைவன் உங்கள் வழியாக அவர்களையும் தேற்றுவாராக. ஆமென்.