இரு மொழியில் ஒரு பாட்டு: சியெமி எரியின் குரல்



போருக்குப் பிந்தைய ஜப்பானில் 'ஜாஸ்' என்னும் சொல் அமெரிக்காவிலிருந்து வந்த மெல்லிசை பலவற்றையும் பொதுவாகக் குறித்தது. அந்தப் பொருளில் ஜாஸ் பாடகியாக அறிமுகமானவர் சியெமி எரி. 1937இல் தோக்கியோவில் பிறந்தவர். சிறுமியாக இருந்தபோதே அமெரிக்கப் படைமுகாம்களில் பாடிப் பழகியவர். 1952இல், பதினைந்து வயதில், 'டென்னசி வால்ட்ஸ்' இசைத்தட்டு அவரை நாடறியச் செய்தது. கனத்த குரல், தாழ்ந்த தளத்தில் சற்றே கரகரப்பு. பதினைந்து வயதுக் குரலென்று நம்புவது அரிது.

அப்பாட்டில் ஆங்கிலமும் ஜப்பானியமும் பகுதி பகுதியாக மாறிவருகின்றன. நான் இசை விமரிசகன் அல்லன், மொழியியல் படித்தவன். ஆகவே அந்த மாற்றத்தைப் பற்றியே பேசுகிறேன்.

ஜப்பானியம் மாத்திரைக் கணக்கில் இயங்கும் மொழி. அசையை முடிக்கும் மூக்கொலிக்கும் அங்கே ஒரு முழு மாத்திரை உண்டு. தொல்காப்பியர் மெய்க்கு அரை மாத்திரையே அளித்தார். பிற மெய்கள் சொல்லின் இறுதியில் நில்லா. ஆதலால் 'வால்ட்ஸ்' என்னும் ஓரசைச் சொல் அங்கே 'வ-ரு-த்சு' என மூன்று மாத்திரையாகிறது. நம் பேச்சு 'பஸ்' என்பதை 'பஸ்ஸு' என்று உகரம் சேர்த்து முடிப்பதும் இவ்வகையே.

இதன் விளைவு மொழிபெயர்ப்பில் தெரிகிறது. சுரத்துக்கு ஒரு மாத்திரை என வைத்தால், அதே மெட்டில் ஜப்பானிய வரி ஆங்கில வரியளவு செய்தியைச் சுமக்க இயலாது. ஆங்கிலப் பாட்டில் காதலரைத் தோழி கவர்ந்துகொண்ட கதை இருக்கிறது. ஜப்பானியப் பகுதியில் தோழி இல்லை. பிரிந்தவரை எண்ணும் ஏக்கம் மட்டும் எஞ்சுகிறது, அதுவும் பழைய இலக்கிய நடையில். அமெரிக்காவிலிருந்து வந்த பாட்டுக்குச் செய்யுள் வழக்கு! அதைக் குறை என்று நான் கருதவில்லை. கதையை இழந்த மொழி தன் மரபால் அதை ஈடுசெய்தது.

1955இல் மிசோரா ஹிபாரி, யுகிமுரா இசுமி இருவருடன் திரைப்படத்திலும், 1963இல் 'மை ஃபேர் லேடி' நாடகத்தில் எலைசாவாகவும் நடித்தார். பேச்சொலியைத் திருத்தும் ஒலியியலாளர் கதையில், செவியால் ஆங்கிலம் கற்ற பாடகி நடித்தது எனக்குப் பிடித்த செய்தி. 1982இல், 45 வயதில், மறைந்தார்.

கலப்பால் மொழி கெடும் என்ற அச்சம் நம் வகுப்பறைகளில் உண்டு. அவ்வச்சமுடையோர் அவருடைய நாட்டுப்புறப் பாடல் பதிவுகளைக் கேட்க வேண்டும். தோக்கியோ கியூபன் பாய்ஸ் குழுவின் லத்தீன் தாளத்தோடு அவர் ஊர்ப்பாடல்களைப் பாடினார். தாளம் அயலது, உயிரொலிகள் ஜப்பானிய ஊர்களுக்கே உரியவை.