இடைக்காலத் தடையும் மேல்முறையீடும்

வழக்கு விசாரித்து முடியும்வரை ஒரு காரியத்தைச் செய்யாதிருக்கும்படி நீதிமன்றம் இடும் கட்டளைதான் இடைக்காலத் தடை. அதைக் கொடுப்பதும் மறுப்பதும் நீதிபதியின் விருப்பதிகாரம். மனம்போன போக்கென்று எண்ணிவிட வேண்டாம். யாருக்குக் கேடு மிகுதி, அதைப் பணத்தால் ஈடுகட்ட இயலுமா என்றெல்லாம் அவர் நிறுத்துப் பார்க்க வேண்டும்.

சென்னையில் எழுந்த வழக்கு ஒன்று. வாண்டர் நிறுவனத்துக்காக 'கால்-டி-சே' என்னும் மாத்திரையை, 1986ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி ஆன்டாக்ஸ் நிறுவனம் செய்துவந்தது. 1988இல் ஒப்பந்தம் முறிந்தது. அந்தப் பெயரில் விற்கும் உரிமை தனக்கே என்று கூறி ஆன்டாக்ஸ் தடை கேட்டது. உயர்நீதிமன்றத் தனி நீதிபதி மறுத்தார். மேல்முறையீட்டில் அதே நீதிமன்றத்தின் ஆயம் தடை கொடுத்தது. 1990இல் இந்திய உச்சநீதிமன்றம் அத்தடையை நீக்கிற்று.

காரணம் என்ன? முதல் நீதிபதியின் முடிவு, சான்றுகளைக் கொண்டு நியாயமாக எட்டக்கூடியதாக இருந்தால் போதும். "நானாயிருந்தால் வேறுவிதமாகச் சொல்லியிருப்பேன்" என்பதற்காக மேல்மன்றம் அதை மாற்றலாகாது. தான்தோன்றித்தனமாகவோ, நிலைபெற்ற சட்டநெறியைப் புறக்கணித்தோ முடிவு செய்திருந்தால்தான் தலையிடலாம். இங்கிலாந்தின் பிரபுக்கள் சபையும் 1982இல் ஹாட்மோர் வழக்கில் ஏறக்குறைய இதையே சொன்னது.

இந்தக் கட்டத்தில் சாட்சிகள் குறுக்கு விசாரணைக்கு வருவதில்லை. பெரும்பாலும் பிரமாணப் பத்திரங்களே முன்னிற்கும். அவற்றை மன்றத்துக்கு மன்றம் புதிதாக நிறுத்தால் மூல வழக்கு எப்போது நடக்கும்? ஆயினும் தோற்றவர் பாடு சங்கடந்தான். தீர்ப்பு வருமுன் வியாபாரமே படுத்துவிடலாம். அவர் மேல்முறையீட்டுக்குச் செலவழிக்குமுன், மூல வழக்கை விரைந்து விசாரிக்கும்படி கேட்கலாமா என்று வழக்கறிஞரிடம் கேட்டறிவது நல்லது.