திருவாயிலும் காப்புக் கயிறும்

(சாத்தான்குளத்தில் திருக்கோயில் விழாவின்போது நிகழ்த்திய சொற்பொழிவு)

திருச்சிற்றம்பலம்



திருவிழா என்றால் கொடி ஏறும், காப்புக் கட்டப்படும், தேர் ஓடும். ஆண்டுதோறும் காண்பவை ஆதலின் இவற்றின் உட்பொருளை நாம் நினைப்பது குறைவு. சாதி வேற்றுமையும் சைவ சமயமும் என்னும் பொருள் பற்றி இன்று பேச எண்ணியுள்ளோம். அப்பொருளுக்கு இம்மூன்றுமே வழிகாட்டும்.

முதலில் கொடியை நினைப்போம். சந்தான குரவர் நால்வருள் நான்காமவர் உமாபதி சிவாசாரியார். தில்லைவாழந்தணர் மரபில் தோன்றிக் கூத்தப்பெருமானைப் பூசிக்கும் உரிமை பூண்டவர். அவர்தம் ஞானாசிரியர் மறைஞானசம்பந்தர், செங்குந்தர் வாழும் தெருவில் நூற்பாவுக்கு இட வைத்திருந்த கூழை வாங்கிப் பருகினார். ஆசிரியர் கையின் வழியே ஒழுகிய கூழை உமாபதியார் கீழிருந்து ஏந்தி உண்டார். இதனால் அவருடைய சுற்றத்தார் அவரைத் தள்ளி வைத்தனர். அவர் கொற்றவன்குடியில் மடம் அமைத்துத் தங்கினார். பின்னர்த் தில்லையில் திருவிழா வந்தது. கொடி ஏறவில்லை. உமாபதியாரை அழைக்குமாறு திருவருள் உணர்த்திற்று. அவர் வந்து கொடிக்கவி பாடிய பின்னரே கொடி ஏறிற்று. இது மரபு வழி வரும் வரலாறு. அடியவர் ஒருவரைப் புறத்தே நிறுத்திவிட்டு விழாவைத் தொடங்க இறைவன் இசையவில்லை என்பது இதன் கருத்து.

அக்கொற்றவன்குடி மடத்துக்கு விறகு சுமந்து வந்தவர் பெற்றான் சாம்பான். ஊரார் தீண்டாத குலத்தவர். அவருக்குத் தீக்கை செய்து முத்தி கொடுக்குமாறு கூத்தப்பெருமானே திருமுகம் விடுத்தருளினான் என்றும் அவ்வரலாறு கூறும்.

சாதிச் செருக்கு எந்த மலத்தின் விளைவு என்று வினவுவார்க்கு நம் சந்தான மரபிலேயே விடை உண்டு. சகலாகம பண்டிதர் எனப் புகழ் பெற்ற அருணந்தி சிவாசாரியார் ஆதிசைவ மரபினர், முதியவர், மெய்கண்டாரின் குடும்பத்துக்குக் குலகுரு. மெய்கண்டாரோ வேளாளர் குலத்துச் சிறு பிள்ளை. ஆணவ மலத்தின் வடிவம் யாது என்று முதியவர் வினவினார். பிள்ளை வாய் திறவாது அவரை மேலும் கீழும் நோக்கினார். செருக்கோடு நிற்கும் தாமே அதன் வடிவம் என்று உணர்ந்த முதியவர் அப்பிள்ளையின் அடியில் வீழ்ந்து மாணவர் ஆயினார். குலமும் கல்வியும் வயதும் ஒரு நொடியில் கழன்றன.

"பிறப்பு வினையால் வருவது, ஆதலின் தாழ்ந்த குலத்துப் பிறந்தார் தாழ்ந்திருத்தலே முறை" என்று கூறுவார் இன்றும் உளர். சித்தாந்தம் இதற்கு இடம் தருவதில்லை. கன்மத்துக்கு ஈடாக மாயையினின்று வருவது உடம்பு. உயிர்க்குச் சாதி இல்லை. வினைப்பயனைக் கூட்டுவிப்பவன் இறைவன்; அத்தொழிலை அவன் அடுத்த வீட்டானிடம் ஒப்படைக்கவில்லை. நோயும் வினைப்பயனே. அதனால் நோயாளிக்கு மருந்து மறுப்பார் உண்டோ? நோயாளியை வெறுப்பது புதிதாக ஒரு வினையை ஈட்டுவதே ஆகும்.

இனித் திருவாயிலைப் பற்றிச் சிந்திப்போம். திருநீலகண்ட யாழ்ப்பாணர் மதுரைக்கு வந்து ஆலவாய் அண்ணலின் வாயிற்புறத்தே நின்று யாழ் வாசித்தார். உள்ளே புகும் வழக்கம் அவர் குலத்துக்கு இல்லை. அன்றிரவு இறைவன் அடியார்களின் கனவில் தோன்றிப் பணிக்க, அவர்கள் பாணரைத் திருமுன் கொண்டு சென்றனர். தரையின் ஈரம் தாக்கினால் யாழ் நரம்பு தளரும், ஆதலின் பொற்பலகை இடுக என்று வானொலியும் எழுந்தது. திருவாரூரில் வடக்கே அவருக்காகத் தனி வாயிலே வகுத்தருளினான். திருச்சாத்தமங்கையில், அந்தணராகிய திருநீலநக்கரின் மனையில் வேள்வித்தீ வளர்க்கும் இடத்தருகே பாணரும் அவர் துணைவியாரும் இரவு தங்கினர். வேள்வித்தீ அணைந்ததா? வலமாகச் சுழன்று முன்னிலும் ஓங்கிற்று என்கின்றார் சேக்கிழார்.

"நந்தனார் தீயில் மூழ்கிய பின்னர் அன்றோ தில்லையுள் புகுந்தார்?" என்று கேட்பர். திருப்புன்கூரில் மறைத்து நின்ற நந்தியை விலகச் செய்து காட்சி கொடுத்தவன் அதே இறைவன். அங்கே தீ ஏதும் வேண்டப்படவில்லை. தில்லை எல்லையில் நின்று, தம் பிறவி தடையாயிற்றே என்று நைந்து வருந்தியவர் நந்தனார். அவருடைய வருத்தம் தீர்க்கவே தீ அமைந்தது. அவரை அவ்வாறு வருந்தச் செய்தது ஊர் வழக்கம். விலக வேண்டிய நந்தி விலகியது. விலக வேண்டிய மனிதர் பல நூற்றாண்டு விலகவில்லை.

இவ்வுண்மை புராண காலத்தோடு நின்றுவிடவில்லை. அறுபத்துமூவருள் ஏனாதிநாதர் சான்றார் குலத்தவர். பகைவனின் நெற்றியில் திருநீற்றைக் கண்டு, வாளை ஓங்காமல் தம் உயிரைக் கொடுத்தவர். சிவாலயத் திருச்சுற்றுகளில் அவர் திருவுருவம் வழிபடப்பெறுகின்றது. ஆயினும் 1897-ஆம் ஆண்டு மே மாதம் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுள் நாடார் குலத்தார் சிலர் சென்று வழிபட்டது குற்றமாகக் கொள்ளப்பட்டது. வழக்கு எழுந்து, மதுரை நீதிமன்றம், சென்னை உயர் நீதிமன்றம் கடந்து இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1908-இல் அவர்களுக்கு உரிமை இல்லை என்றே முடிவாயிற்று. இதனிடையே 1899 சூன் மாதம் சிவகாசியில் பெருங்கலகம் மூண்டு வீடுகள் எரிந்தன, உயிர்கள் மாண்டன. ஏனாதிநாதர் உள்ளே பூசை ஏற்க, அவர் குலத்தார் வெளியே நின்றனர்.

நம் பகுதியின் செய்தியும் இதுவே. இது கருமேனியாறு பாயும் பூமி. செம்மணல் தேரியும் பனங்காடும் நிறைந்த பூமி. வெயிலில் நாள்தோறும் பல மரம் ஏறி இறங்கி இம்மண்ணின் மக்கள் பிழைத்தனர். கோயில் வாயில் அடைத்திருந்தது. வேறு வாயில்கள் திறந்தன. இவ்வூர்க்கு அண்மையில் உள்ள முதலூர், 1799-இல் கிறித்தவ சமயம் தழுவியோர் ஒன்றுகூடிப் புதிதாக அமைத்த ஊர். அவர்களை நாம் குறை கூறுதல் ஆகாது. தம் பிள்ளைகளுக்கு எழுத்தும் மதிப்பும் எங்கே கிடைத்தனவோ அங்கே சென்றனர். சைவத்தைவிட்டு ஏன் சென்றனர் என்று கேட்பதினும், சைவர்கள் ஏன் வாயிலை அடைத்தனர் என்று கேட்பதே பொருந்தும்.

சைவராகவே நின்றவர்கள் என் செய்தனர்? வாணிகத்தில் ஒரு பங்கை மகமையாக எடுத்துப் பொது நிதி சேர்த்தனர். கோயில் கட்டினர், பள்ளி நடத்தினர். விருதுநகரில் வீடுதோறும் பிடி அரிசி திரட்டிப் பள்ளியைப் போற்றினர். 1910-இல் நாடார் மகாசன சங்கம் தோன்றிற்று. அப்பிடி அரிசிப் பள்ளியில் பயின்ற காமராசர் முதலமைச்சரானபின், 1956-இல் பள்ளிப் பிள்ளைகளுக்கு மதிய உணவு அளித்தார். ஒரு குலத்தார் தம் பிள்ளைகளுக்காகச் சேர்த்த அரிசி, எல்லாக் குலத்துப் பிள்ளைகளுக்கும் சோறாயிற்று. பனையேறுவார் பதநீரை உச்சியிலேயே பருகிவிட்டு வெறுங்கலயத்தோடு இறங்குவதில்லை, ஊருக்கென்று இறக்குகின்றார். உயர்ந்த குலம் என்று ஒன்று உண்டாயின், அது இவ்வாறு இறக்கிக் கொடுக்கும் குலமே ஆகும்.

வாயிலும் திறந்தது. நமக்குத் தெற்கே சுசீந்திரம் முதலான கோயில்கள் 1936 நவம்பர் 12-இல் திருவிதாங்கூர் மன்னரின் ஆலயப் பிரவேசப் பிரகடனத்தால் திறந்தன. 1939 சூலை 8-இல் மதுரை வைத்தியநாத ஐயர், தாழ்த்தப்பட்ட குலத்தார் ஐவரையும் நாடார் குலத்தார் ஒருவரையும் உடன் அழைத்துக்கொண்டு மீனாட்சியம்மை கோயிலுள் புகுந்தார். பின்னாளில் அமைச்சராக விளங்கிய கக்கன் அவருள் ஒருவர். அவ்வாண்டே இராசாசி அமைச்சரவை சட்டம் செய்தது. 1947-இல் மாநிலம் முழுமைக்கும் சட்டம் வந்தது. யாழ்ப்பாணரைத் திருமுன் அழைத்தது எந்தக் கோயில்? அதே ஆலவாய்க் கோயில். 1939-இல் நிகழ்ந்ததைப் புதுமை என்று அன்று சிலர் வெகுண்டனர். அது புதுமை அன்று. பெரிய புராணத்துக்குத் திரும்புதலே ஆகும்.

அன்பர்களே! கல்லால் ஆன வாயில் திறந்தது. உள்ளத்தின் கதவோ? இங்கேதான் காப்புக் கயிற்றைப் பற்றிப் பேச வேண்டியுள்ளது. விழாத் தொடக்கத்தில் காப்புக் கட்டுகின்றோம். காப்புக் கட்டியவர் தூய்மையோடும் விரதத்தோடும் இருந்து, தமக்கென்று வாழாது விழாவுக்கென்று வாழ்கின்றார். இக்காலத்தில் நெல்லைச் சீமையில் பள்ளிப் பிள்ளைகளின் கைகளில் மற்றொரு கயிறு ஏறியுள்ளது. குலத்துக்கு ஒரு நிறம். இவன் நம்மவன், அவன் அயலான் என்று தொலைவிலேயே அடையாளம் காண்பதற்காகக் கட்டிய கயிறு. அதன் விளைவு யாது? 2023 ஆகத்து மாதம், நமக்கு அண்மையில் உள்ள நாங்குநேரியில், பட்டியல் குலத்து மாணவர் ஒருவரை அவர் பயின்ற பள்ளி மாணவர்களே இரவில் வீடு புகுந்து அரிவாளால் வெட்டினர். தடுக்க வந்த தங்கையும் வெட்டுண்டாள். அதன்பின் அரசு அமைத்த நீதியரசர் சந்துரு குழு, 2024 சூன் மாதம் அளித்த அறிக்கையில், இத்தகைய கயிறுகளைப் பள்ளியில் தடை செய்ய வேண்டும் என்று கூறிற்று.

சட்டம் கயிற்றை அறுக்கலாம். மனத்தில் கட்டிய கயிற்றை யார் அறுப்பது? பிள்ளைகள் தாமே அதனைக் கட்டிக்கொள்ளவில்லை. வீட்டுத் திண்ணையில் பெரியவர்கள் பேசும் பேச்சில் அதன் நூல் திரிக்கப்படுகின்றது. "அவன் வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடியாதே" என்று தாய் சொல்லும்போது ஒரு முறுக்கு ஏறுகின்றது. "நாம் யார் தெரியுமா?" என்று தந்தை மீசை முறுக்கும்போது மற்றொரு முறுக்கு ஏறுகின்றது. பிள்ளை அரிவாள் எடுக்கும்போது நாம் நீதிமன்ற வாயிலில் நின்று அழுகின்றோம். ஒரு குலத்தாரை மட்டும் நோக்கி இதனைச் சொல்லவில்லை. நேற்று வாயிலில் தடுக்கப்பட்டவர், இன்று தமக்குக் கீழே ஒருவரை நிறுத்தித் தடுப்பாராயின், அவர் தம் முன்னோர் பட்ட துன்பத்துக்கு இழுக்குத் தேடுகின்றார்.

ஆதலின் தாய்மார்களுக்கு ஒரு விண்ணப்பம். இவ்விழா முடிந்து காப்பு அவிழ்க்கும் நாளில், உங்கள் பிள்ளையின் கையைப் பாருங்கள். நிறக் கயிறு ஒன்று இருப்பின் அன்போடு அவிழ்த்துவிடுங்கள். ஏனாதிநாதர் வரலாற்றையும் யாழ்ப்பாணர் வரலாற்றையும் சொல்லி, அக்கையில் திருநீறு கொடுங்கள். அடுத்த தெருப் பிள்ளையும் நும் மகனும் ஓரிலையில் பொங்கல் உண்ணட்டும். திருநீலநக்கர் வீட்டுத் தீ அணையவில்லை. நும் அடுப்பும் அணையாது.

நிறைவாகத் தேர். கண்டதேவி சொர்ணமூர்த்தீசுவரர் கோயில் தேரின் வடத்தை யார் தொடலாம் என்ற பிணக்கு 1998 முதல் நெடுங்காலம் நீடித்தது. அத்தேர் பல ஆண்டுகள் நிலையிலேயே நின்று, உயர் நீதிமன்றம் தலையிட்டபின் 2024-இல் ஓடிற்று. தேர் நின்ற ஆண்டுகளில் யார் வென்றார்? இறைவன் வீதிக்கு எழுந்தருளாத ஊரில் எக்குலத்துக்கும் பெருமை இல்லை. வடம் நீளமாக இருப்பது பல கைகள் பற்ற வேண்டும் என்பதற்கே. ஒரு கை குறைந்தாலும் இழுப்பவர்க்குப் பாரம் மிகும்.

கொடி ஏறத் தடையான செருக்கு நம்மை விட்டு நீங்குக. பிள்ளைகளின் கையில் மெய்யான காப்பே நிலைக்க. எல்லார் கையும் பற்றத் தேர் நிலை சேர்க என்று எல்லாம் வல்ல சிவபெருமான் திருவடிகளைச் சிந்தித்து அமைகின்றோம்.

திருச்சிற்றம்பலம்