பாரம்பரியமும் புதுக்குரலும்



ஒரு வித்துவானை நெடுநாள் கேட்டுப் பழகிவிட்டால், அவருடைய சாரீரத்தின்மீது நமக்கு ஒருவகை உரிமை வந்துவிடுகிறது. இன்ன ராகத்தை அவர் இப்படித்தான் எடுப்பார், இன்ன இடத்தில் இப்படித்தான் நிற்பார் என்ற எதிர்பார்ப்புடனேயே கச்சேரிக்குச் செல்கிறோம். அவர் ஒருநாள் அந்த வழியை விட்டு விலகினால், 'மாறிவிட்டார்' என்று சொல்வதோடு நாம் நிற்பதில்லை. 'நம்மைக் கைவிட்டுவிட்டார்' என்றே குறைப்படுகிறோம். இந்த மனக்குறை நம் கருநாடக சங்கீதத்துக்கு மட்டும் உரியது அன்று. ஸ்வீடன் நாட்டின் இசைக்குழு ஒன்று இதே பழியைப் பல ஆண்டுகள் சுமந்தது. அக்குழு சென்னைக்கு வந்து பாடியது. பிறகு நம் புனேவுக்கும் வந்து பாடியது. இவ்விரண்டு வருகைகளுக்கும் இடையே அதன் குரல் மாறியிருந்தது. அந்த மாற்றத்தின் வரலாற்றையே இன்று ஆராய விரும்புகிறோம்.

குழுவின் பெயர் ஓபெத். ஸ்டாக்ஹோம் நகரில் 1990-ஆம் ஆண்டளவில் தோன்றியது. அதன் தலைவர் மிக்கேல் ஓகர்பெல்ட். பாடகரும் கிதார்க் கலைஞரும் அவரே. அவர்கள் வாசித்தது 'மெட்டல்' எனப்படும் இசை. மேலைநாட்டு ராக் இசையின் கிளைகளுள் அது ஒன்று. மின்கிதாரின் நாதத்தை வேண்டுமென்றே கரகரப்பாக்கிக் கனமேற்றுவதும், பெரிய முரசை இரு கால்களாலும் மிதித்து விரைந்து முழக்குவதும் அதன் இயல்புகள். அதிலும் 'டெத் மெட்டல்' என்ற பிரிவில் பாடகர் பாடுவதில்லை, உறுமுகிறார். கேட்டுப் பழகாதவர்களுக்கு அது வெறும் கூச்சலாகத் தோன்றும். உண்மையில் அது பயின்று பெற்ற வித்தை. குரல்நாண்களுக்கு மேலே அமைந்த மடிப்புகளை அதிரச் செய்து எழுப்பும் ஒலி அது. தொண்டை புண்ணாகாமல் ஒரு கச்சேரி முழுவதும் அதை நிலைநிறுத்துவது எளிதன்று.

ஓபெத் குழுவின் தனிச்சிறப்பு, அந்த உறுமலையும் இனிய குரலையும் ஒரே பாடலில் இணைத்தது. 1995-இல் வெளிவந்த 'ஆர்க்கிட்' என்ற முதல் தொகுப்பிலிருந்தே பத்து நிமிடங்களுக்கு மேல் நீளும் பாடல்களை அவர்கள் அமைத்தார்கள். 2001-இல் வந்த 'பிளாக்வாட்டர் பார்க்' அவர்களுக்கு உலகப் புகழ் தேடித் தந்தது. 2003-இல் உறுமலே இல்லாத 'டாம்னேஷன்' என்ற தொகுப்பையும் வெளியிட்டார்கள். ஆனால் அது, முந்தைய ஆண்டில் வந்த 'டெலிவரன்ஸ்' என்ற கனத்த தொகுப்பின் மென்மையான உடன்பிறப்பு. ஆகவே ரசிகர்கள் அதை ஒரு விலக்காகக் கருதி ஏற்றுக்கொண்டனர். 2009-இல் சென்னை ஐ.ஐ.டி.யின் சாரங் விழாவுக்கு வந்தபோது அவர்கள் பழைய ஓபெத்தாகவே வந்தார்கள்.

2011 செப்டம்பரில் அவர்களுடைய பத்தாவது தொகுப்பு வெளிவந்தது. பெயர் 'ஹெரிடேஜ்'; நம் மொழியில் பாரம்பரியம் எனலாம். அதில் உறுமல் ஓரிடத்திலும் இல்லை. தொடக்கத்திலேயே ஸ்வீடன் நாட்டுப்புற மெட்டின் சாயல் கொண்ட பியானோ இசை தனித்து ஒலிக்கிறது. தொடர்ந்து 1970-களின் ராக் இசையை நினைவூட்டும் பாடல்கள் வருகின்றன. புல்லாங்குழல் கேட்கிறது, மெல்லோட்ரான் கேட்கிறது. இந்த மெல்லோட்ரான் ஒரு விந்தையான கருவி. ஒவ்வொரு கட்டைக்கும் ஒரு நாடாத் துண்டு உண்டு. கட்டையை அழுத்தினால் அந்த நாடாவில் பதிந்துள்ள வயலினோ குழலோ சுமார் எட்டு வினாடி ஒலித்து ஓயும். கணினி எதையும் செய்து தரும் நூற்றாண்டில், அவர்கள் விரும்பிச் சென்றது அந்தப் பழங்கருவியின் நடுங்கும் நாதத்தை நோக்கியே.

ரசிகர்களுள் பலர் சினந்தனர். அவ்வாண்டுச் சுற்றுப்பயணத்தில் உறுமல் பாடல்களையும் ஒதுக்கவே, சினம் மிகுந்தது. அவர்களுடைய வருத்தத்தை நாம் எளிதாகத் தள்ளிவிடலாகாது. இளமையின் தனிமையில் ஒரு குரலைத் துணையாகக் கொண்டவனுக்கு, அக்குரல் ஓய்ந்தது உண்மையான இழப்பே. அவனுக்கு ரசனை போதாது என்று கூறுவது நியாயமாகாது. ஆயினும் கலைஞன் பக்கத்திலும் நியாயம் உண்டு. அடுத்த தொகுப்புக்கென முதலில் பழைய பாணியிலேயே இரண்டு பாடல்களை ஓகர்பெல்ட் இயற்றினார். இவ்வழியிலேயே தொடர்ந்தால் தமக்கு ஏமாற்றமாக இருக்கும் என்று, அவருடன் பல்லாண்டு வாசித்துவந்த பாஸ் கிதார்க் கலைஞர் மார்ட்டின் மெண்டஸ் சொல்லிவிட்டார். அப்பாடல்களை ஒதுக்கிவிட்டு ஓகர்பெல்ட் புதிதாகத் தொடங்கினார். கைப்பழக்கத்தால் விளைவதைக் கலை என்று விற்பதைவிட, கேட்பவரின் கோபத்தை ஏற்பது மேல் என்று அவர்கள் துணிந்தார்கள் போலும்.

அத்தொகுப்பின் அட்டைப்படம் ஒரு மரம். குழுவினரின் முகங்களே அதில் கனிகளாகத் தொங்குகின்றன; குழுவை விட்டுப் பிரிந்த ஒருவரின் முகம் கனியாகக் கீழே உதிர்கிறது. வேர்களோ மண்ணைத் துளைத்துப் பாதாளத்துக்கே இறங்குகின்றன. டெத் மெட்டலே எங்கள் வேர் என்று அப்படம் சொல்வதாகக் கொள்ளலாம். வேரைப் பழத்தில் காண முடியாது; ஆனால் வேரின்றிப் பழம் இல்லை.

இங்கே நாம் நம்மை நினைத்துக்கொள்வது இயல்பு. பிழைப்பை நாடி வந்து ராஸ்தா பேட்டையிலும் கட்கியிலும் குடியேறிய முன்னோர்களுக்கும், இன்று ஹிஞ்சவடிக் கணினி நிறுவனங்களில் பணிபுரியும் இளைஞர்களுக்கும் பொதுவான கவலை ஒன்று உண்டு. தெருவில் மராத்தி, அலுவலகத்தில் ஆங்கிலம், கடையில் இந்தி என்று நாள் முழுவதும் குரலை மாற்றிக்கொண்டே இருக்கிறோமே, நம்முடைய சொந்தக் குரல் எது? நம் பிள்ளைகளுக்கு அது எஞ்சுமா?

2019-இல் ஓபெத் செய்தது இக்கேள்விக்கு நெருங்கிய ஒன்று. இருபத்து நான்கு ஆண்டுகள் ஆங்கிலத்திலேயே தொகுப்புகளை வெளியிட்ட ஓகர்பெல்ட், 'இன் காடா வெனேனம்' என்ற பதின்மூன்றாம் தொகுப்பின் பாடல்களை முதலில் தம் தாய்மொழியாகிய ஸ்வீடிஷ் மொழியில் எழுதினார். அம்மொழி அறியாத ரசிகர்களுக்கென ஆங்கில வடிவத்தையும் தனியே பதிவு செய்தார்கள். இரண்டும் 2019 செப்டம்பரில் ஒருங்கே வெளிவந்தன. அவ்வாண்டு இறுதிக்குள் அவர்கள் புனே வந்து, என்.எச். ஏழு வீக்கெண்டர் விழாவின் மேடையில் ஏறினார்கள். 2010-இல் இந்நகரிலேயே பிறந்த விழா அது. சென்னையில் பத்தாண்டுக்கு முன் அவர்களைக் கேட்டுவிட்டுப் பின்னர் பிழைப்புக்காகப் புனேவுக்கு வந்த தமிழ் இளைஞன் ஒருவன் அக்கூட்டத்தில் நின்றிருந்தால், மேடையில் இருந்தவர்களும் தன்னைப் போலவே இடைக்காலத்தில் மாறியிருந்ததை உணர்ந்திருப்பான்.

புதுக்குரலை ஏற்பது புனேவுக்குப் புதிதன்று. கன்னட நாட்டின் கதக் பகுதியில் பிறந்து இந்நகரில் வாழ்ந்தவர் பண்டித பீம்சேன் ஜோஷி. தம் குருநாதர் ஸவாய் கந்தர்வரின் நினைவாக 1953-இல் அவர் தொடங்கிய இசைவிழா இன்றும் இந்நகரின் பெருமை. அவர் மராத்திய அபங்கங்களைப் பாடி மகாராஷ்டிர மக்களின் நெஞ்சில் இடம் பெற்றார். கன்னடத்துத் தாசர் பதங்களையும் விடாது பாடினார். வந்த இடத்தின் மொழியைப் பாடியதால் அவருடைய கன்னடம் குறையவில்லை. இரண்டையும் வாயில் வைத்திருந்தார். ஆகவே இரண்டும் அவருடையவை ஆயின.

ஓபெத் வரலாற்றின் இறுதிப் பகுதியும் இதையே உணர்த்துகிறது. 2024 நவம்பரில் வெளிவந்த 'தி லாஸ்ட் வில் அண்ட் டெஸ்டமென்ட்' என்ற தொகுப்பில், 2008-க்குப் பிறகு முதன்முறையாக உறுமல் திரும்பி வந்தது. முதல் உலகப்போருக்குப் பிந்திய காலத்தில், செல்வந்தத் தந்தை ஒருவரின் உயில் அவருடைய மக்கள் முன்னிலையில் வாசிக்கப்படுவதே அதன் கதை. மீண்டும் பாரம்பரியச் சொத்தைப் பற்றிய சிந்தனைதான்! பதினாறு ஆண்டுகள் எந்தத் தொகுப்பிலும் ஒலிக்காத குரல், கதையின் கடுமைக்கு ஏற்ற கருவியாக மீண்டும் அமைந்தது.

அது எவ்வாறு இயன்றது? 'ஹெரிடேஜ்' சுற்றுப்பயணத்துக்குப் பின்வந்த ஆண்டுகளில், மேடையில் பழைய பாடல்களைப் பழைய குரலிலேயே அவர் பாடிவந்தார். புதிய தொகுப்புகளில் விலக்கினாரே அன்றி, தொண்டையிலிருந்து அதைத் துரத்தவில்லை. அறிந்து ஒதுக்கி வைத்த பொருளை வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம். பழக்கமின்றித் துருப்பிடிக்க விட்டதை அவ்வாறு எடுக்க இயலாது. மாற்றத்துக்கும் இழப்புக்கும் உள்ள வேறுபாடு இதுவே.

ஆகவே, வீட்டின் ஓர் அறையில் மகன் மெட்டல் இசையில் மூழ்கியிருக்கிறானே என்று பெற்றோர் மிகவும் கலங்க வேண்டியதில்லை. அவன் எதைக் கேட்கிறான் என்று ஒருநாள் அருகில் அமர்ந்து கேட்பது நன்று. அதைப் பற்றி அவனுடன் தமிழில் பேசுவது அதனினும் நன்று. உணவு வேளையில் நாள்தோறும் பத்து நிமிடம் வீட்டில் தமிழ் ஒலித்தாலும் போதும். வெளியே அவன் எத்தனை குரல்களில் பேசினாலும், வேண்டும் நாளில் அந்தக் குரல் அவனுக்குக் கைகொடுக்கும்.