மனித சுபாவம் மாறாததா?

(தொழிலாளர் படிப்பு வட்டத்தில் நிகழ்த்திய உரை)



"பிறவிக் குணம் பொங்கலிட்டாலும் போகாது" என்று நம்மிடம் ஒரு பழமொழி உண்டு. "நாய் வாலை நிமிர்த்த முடியுமா?" என்றும் கேட்பார்கள். தொழிலாளி கூலி உயர்வு கேட்டால், "கையில் காசு கூடினால் குடித்துத் தீர்ப்பான், அவன் பிறவி அப்படி" என்கிறார்கள். பெண்ணுக்குப் பொறுப்புக் கொடுக்கச் சொன்னால், "பெண் புத்தி பின் புத்தி" என்கிறார்கள். எல்லோருக்கும் நியாயம் கிடைக்கும் சமுதாயம் வேண்டும் என்றால், "மனிதன் சுயநலக்காரன், அதை யாராலும் மாற்ற முடியாது" என்று பேச்சையே முடித்து விடுகிறார்கள்.

இந்த வாதத்தில் ஒரு சௌகரியம் இருக்கிறது. பழியைச் சுபாவத்தின் மேல் போட்டுவிட்டால் வேறு யாரும் பதில் சொல்ல வேண்டியதில்லை. ஆகவே இதை வெறும் திண்ணைப் பேச்சு என்று நாம் தள்ளிவிட முடியாது. மனித சுபாவம் என்பது என்ன? அது எங்கிருந்து வருகிறது? விஞ்ஞானம் இதுபற்றி என்ன கண்டிருக்கிறது? இவற்றைத்தான் இன்று பார்க்கப் போகிறோம்.

பிறப்பில் வருவது எது?

சிலந்திக்கு வலை பின்ன யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை. அதன் பாட்டி பின்னிய வலையையே அதுவும் பின்னுகிறது. மனிதக் குழந்தை அப்படியல்ல. பசி, பயம், பாசம், பிறரைப் பார்த்துக் கற்றுக்கொள்ளும் ஆற்றல் எல்லாம் பிறக்கும்போதே அதனிடம் இருக்கின்றன. பேசும் ஆற்றலும் பிறப்பிலேயே வருகிறது. ஆனால் எந்த மொழி பேசுவது என்பது பிறப்பில் வருவதில்லை. மதுரையில் பிறந்த குழந்தையைக் கைக்குழந்தையாகவே ஜப்பானுக்கு எடுத்துச் சென்று அங்குள்ளவர்கள் வளர்த்தால், அது ஜப்பானிய மொழிதான் பேசும். ஆற்றலைத் தருவது உடல். அதற்கு உருவம் கொடுப்பது சமுதாயம்.

அந்த உடல்கூட வாழ்க்கை முறைக்குக் கட்டுப்பட்டு மாறியிருக்கிறது. பாலூட்டிப் பிராணிகளின் குட்டிகள் பால்குடி மறந்தபின் பாலில் உள்ள சர்க்கரையைச் செரிக்கும் சக்தியை இழந்து விடுகின்றன. மனிதரிலும் பெரும்பாலோர் நிலை இதுவே. உலகில் வயது வந்தவர்களில் சுமார் மூன்றில் ஒரு பங்கினருக்குத்தான் அந்தச் சக்தி நீடிக்கிறது. அவர்கள் பெரும்பாலும் பல ஆயிரம் ஆண்டுகளாக ஆடு மாடு வளர்த்துப் பால் குடித்து வந்த மக்களின் சந்ததியினர். வட ஐரோப்பாவில் ஒரு விதமாகவும், கிழக்கு ஆப்பிரிக்க மேய்ச்சல் மக்களிடம் வேறு விதமாகவும் இந்த மாற்றம் தனித்தனியே நிகழ்ந்திருப்பதை மரபணு ஆராய்ச்சி காட்டியுள்ளது. முதலில் தொழில் மாறியது. அதன் பின்னால் உடல் மாறியது.

உடல் மாறப் பல ஆயிரம் ஆண்டுகள் ஆகின்றன. நடத்தை மாற அவ்வளவு காலம் வேண்டியதில்லை.

ஒரு சோதனையும் பல சமுதாயங்களும்

மனிதன் சுயநலக்காரனா என்பதைச் சோதித்துப் பார்க்க ஓர் எளிய வழி உண்டு. 1982ல் ஜெர்மானியப் பொருளாதார ஆராய்ச்சியாளர்கள் வகுத்த வழி அது. ஒருவரிடம் 100 ரூபாய் கொடுக்கிறோம் என்று வைத்துக் கொள்ளுங்கள். அதில் ஒரு பங்கை முன்பின் தெரியாத இன்னொருவருக்கு அவர் தர முன்வர வேண்டும். எவ்வளவு என்பது அவர் இஷ்டம். மற்றவர் ஏற்றுக்கொண்டால் இருவரும் அவரவர் பங்கை எடுத்துக் கொள்ளலாம். "வேண்டாம்" என்றால் இருவருக்கும் ஒன்றுமில்லை. ஒரே தடவைதான், பேரம் கிடையாது.

மனிதன் லாபக் கணக்கு மட்டுமே பார்ப்பவன் என்றால் முதல்வர் ஒரு ரூபாய்தான் கொடுப்பார். மற்றவரும் ஒன்றுமில்லாததற்கு ஒரு ரூபாய் மேல் என்று வாங்கிக் கொள்வார். நடந்தது என்ன? அமெரிக்க, ஐரோப்பியக் கல்லூரி மாணவர்கள் பொதுவாக 40 முதல் 50 வரை கொடுத்தார்கள். 20க்குக் குறைவாக நீட்டியவர்களில் பலருக்கு "வேண்டாம்" என்ற பதில்தான் கிடைத்தது. நஷ்டப்பட்டாலும் பரவாயில்லை, அநியாயத்துக்கு இணங்க மாட்டேன் என்றார்கள். உடனே சில அறிஞர்கள், "ஆகா, இதுதான் மனித சுபாவம்" என்று முடிவு கட்டிவிட்டார்கள்.

ஆனால் உலகம் என்பது கல்லூரி மாணவர்கள் மட்டுமா? 1990களின் நடுப்பகுதியில் ஜோசப் ஹென்ரிக் என்ற ஆராய்ச்சியாளர் பெரு நாட்டின் அமேசான் காட்டுப் பகுதிக்குப் போனார். அங்கே மச்சிகெங்கா மக்கள் காட்டை வெட்டிப் பயிரிட்டு வாழ்கிறார்கள். ஒவ்வொரு குடும்பமும் தன் தேவையைத் தானே பார்த்துக் கொள்கிறது. குடும்பத்துக்கு வெளியே கூட்டாகச் செய்யும் வேலை மிகக் குறைவு. அவர்கள் கொடுக்க முன்வந்தது சராசரியாக 100க்கு 26. பலர் 15தான் கொடுத்தார்கள். அதையும் ஏறக்குறைய யாரும் மறுக்கவில்லை. அவர்கள் பார்வையில் அதில் அநியாயம் எதுவும் இல்லை.

இதன் பிறகு 12 நாடுகளில் 15 சிறிய சமுதாயங்களில் இதே சோதனை நடத்தப்பட்டு, 2001ல் முடிவுகள் வெளியாயின. அவற்றில் ஒன்று இந்தோனேசியாவில் லெம்பாட்டா தீவிலுள்ள லாமலேரா. அந்த ஊர்க்காரர்கள் படகேறித் திமிங்கிலம் வேட்டையாடுபவர்கள். தனி ஒருவனால் ஆகிற காரியமா அது? ஒரு படகில் பலர் சேர்ந்து போக வேண்டும். திமிங்கிலம் கிடைத்தால், ஈட்டி எறிந்தவனுக்கு, துடுப்புப் போட்டவனுக்கு, படகுக்கு உரியவர்களுக்கு, பாய் முடைந்தவனுக்கு என்று உடலின் இன்ன பாகம் இன்னாருக்கு என முறை வைத்துப் பிரிக்கிறார்கள். இவர்கள் சராசரியாகக் கொடுக்க முன்வந்தது 58. பாதிக்கும் மேலே!

பாப்புவா நியூகினியில் இன்னொரு விசித்திரம். அங்கே அவு, ஞாவு என்ற மக்களிடையே சிலர் பாதிக்கு மேல் கொடுக்க முன்வந்தும் மற்றவர் வாங்க மறுத்தார்கள். ஏன்? அந்தச் சமுதாயத்தில் பெரிய கொடையை வாங்கிக் கொண்டவன் கொடுத்தவனுக்குக் கடமைப்பட்டவன் ஆகிறான். என்றைக்காவது அதைத் திருப்பித் தீர்க்க வேண்டும். கென்யாவில் ஓர்மா மக்களிடம் பொது நிதிக்குப் பணம் போடும் வேறொரு சோதனை நடந்தது. அவர்கள் உடனே, "இது எங்கள் ஹராம்பே அல்லவா?" என்றார்கள். பள்ளிக்கூடம் போன்ற பொதுக் காரியங்களுக்கு ஊரார் சேர்ந்து பணம் போடும் வழக்கத்துக்கு அங்கே அதுதான் பெயர்.

பாருங்கள் தோழர்களே! விதி ஒன்றுதான். நடத்தை மட்டும் இடத்துக்கு இடம் வேறு. ஆளின் வயது, ஆணா பெண்ணா, சொத்து எவ்வளவு என்பவற்றைக் கொண்டு இந்த வேற்றுமையை விளக்க முடியவில்லை. இரண்டு விஷயங்கள்தான் பெருமளவு விளக்கின. ஒன்று, அந்தச் சமுதாயத்தின் பிழைப்பு எந்த அளவுக்குக் கூட்டு உழைப்பை நம்பி இருக்கிறது என்பது. மற்றொன்று, சந்தையோடு அதற்கு எவ்வளவு தொடர்பு என்பது.

சந்தையைப் பற்றி ஒரு வார்த்தை

சந்தையில் கலந்தவர்கள் குறைவாகக் கொடுத்திருப்பார்கள் என்றுதான் நம்மில் பலர் நினைப்போம். உண்மை அதற்கு நேர்மாறு. வாங்கி விற்றுப் பழகிய சமுதாயங்களில் பங்கு சமத்துக்கு நெருங்கி வந்தது. நமக்குப் பிடித்த விடையை மட்டும் எடுத்துக் கொண்டு மற்றதை மறைப்பது விஞ்ஞானம் ஆகாது.

இதற்கு என்ன அர்த்தம்? உறவினரோடு மட்டும் பழகியவன், முன்பின் தெரியாதவரோடும் நாணயமாக நடந்து கொள்ளச் சந்தையில் பழகுகிறான். இதுவும் பிறவிக் குணம் அல்ல. பழக்கத்தில் வந்த குணம். ஆனால் சந்தை இருந்தால் போதும், நீதி வந்துவிடும் என்று இதிலிருந்து முடிவு கட்டிவிடக் கூடாது. கடையில் எடை குறைக்காத அதே மனிதர் தன் பட்டறையில் கூலியைக் குறைப்பதில்லையா? சோதனையில் பங்கை வாங்குபவருக்கு "வேண்டாம்" என்று சொல்லும் உரிமை இருந்தது. அன்றாடக் கூலிக்காரனுக்கு அந்த உரிமை எங்கே இருக்கிறது?

சிந்தனையும் மாறும்

நடத்தை மட்டுமல்ல, சிந்திக்கும் முறையும் மாறக்கூடியதே. 1931லும் 1932லும் சோவியத் மனவியல் ஆராய்ச்சியாளர் லூரியா உஸ்பெகிஸ்தானுக்குப் போனார். எழுத்தறியாத விவசாயிகளிடம் சுத்தியல், ரம்பம், கோடரி, மரக்கட்டை ஆகிய நான்கில் சேராதது எது என்று கேட்டார். மரக்கட்டையைத் தள்ள அவர்கள் சம்மதிக்கவில்லை. கட்டை இல்லாமல் ரம்பம் எதற்கு என்பது அவர்கள் வாதம். இது அறிவீனம் அல்ல. வேலை செய்கிறவனுடைய அறிவு. ஆனால் அதே பகுதியில் ஓரிரு ஆண்டு படித்து, கூட்டுப்பண்ணை வேலையைத் திட்டமிடுவதில் பங்குகொண்டவர்கள், "மூன்றும் கருவிகள், கட்டை கருவியல்ல" என்று வகை பிரித்தார்கள். மூளை அதுவேதான். வாழ்க்கை மாறியதும் சிந்தனைக்கு இன்னொரு வழியும் திறந்தது. இந்த ஆராய்ச்சி அங்கே அப்போது கண்டனத்துக்கு ஆளாயிற்று; 1974ல்தான் நூலாக வெளிவந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

மாற்றம் எப்போதும் நல்லதா?

இல்லை. நம் ஊர்க் கதையையே பாருங்கள். தமிழ்நாட்டில் பல சமூகங்களில் மாப்பிள்ளை வீட்டார்தான் பெண்ணுக்குப் பரிசம் போட்டார்கள். சம்பள உத்தியோகமும் படிப்பும் பணமும் பெருகிய 20ம் நூற்றாண்டில், அதே சமூகங்களில் பெண் வீட்டார் வரதட்சணை கொடுக்கும்படி ஆயிற்று. ஒரு சில தலைமுறைக்குள் வழக்கம் தலைகீழானது. இன்று கேட்டால், "காலங்காலமாக உள்ள முறை" என்கிறார்கள்! 1961ல் வரதட்சணைத் தடைச் சட்டம் வந்தது. வழக்கம் ஒழிந்துவிடவில்லை. சட்டம் வேண்டும்தான், ஆனால் சொத்தும் வேலையும் பெண்ணின் கையில் இல்லாதவரை, சட்டப் புத்தகம் மட்டும் வழக்கத்தை மாற்றிவிடாது.

ஆகவே நாம் கற்றுக்கொள்ள வேண்டியது இரண்டு. சுபாவம் மாறாது என்று சோர்ந்து உட்கார வேண்டியதில்லை. அது தானாகவே நல்ல திசையில் மாறிவிடும் என்று நம்பி உட்காரவும் கூடாது. மனிதர்கள் எப்படி உழைக்கிறார்கள், எப்படிப் பங்கிட்டுக் கொள்கிறார்கள், யாரோடு சேர்ந்து முடிவெடுக்கிறார்கள் என்பதை மாற்றினால் குணமும் மாறும். சங்கக் கூட்டத்தில் எல்லோரும் பேசி முடிவெடுப்பதும், கூட்டுறவுக் கணக்கைப் பகிரங்கமாக வாசிப்பதும், வீட்டு வேலையை ஆணும் பெண்ணும் பகிர்ந்து செய்வதும் சின்ன விஷயங்கள் அல்ல. லாமலேராப் படகில் பங்கு பிரிப்பதைப் பார்த்துத்தான் அந்த ஊர்ப் பிள்ளைகள் நியாயம் கற்கிறார்கள். நம் பிள்ளைகள் நம்மைப் பார்த்துக் கற்கிறார்கள்.

இனி யாராவது, "அவர்கள் சுபாவமே அப்படித்தான்" என்று சொன்னால், தயங்காமல் கேளுங்கள்: எந்த ஊரில்? எந்தக் காலத்தில்? எந்தப் பிழைப்பில்? அந்தக் கேள்வியிலிருந்து நம் விவாதத்தைத் தொடங்குவோம்.